நாற்பத்தொரு மணி நேரம்

நூலகத்தில் மூன்று கேமராக்கள்.
புத்தகம்போலவே இரவல்: பதினான்கு நாள் தவணை,
தாமதித்தால் நாளுக்குப் பத்து சென்ட்.
முதலில் எடுத்துப்போனவள்
சலவைக்கடை ஓதில் வெயெட்.
திருப்பித் தந்தபோது உள்ளே
ஆறு மணி நேரமும் சுழலும் துணி.

“ஊரைத்தானே எடுக்கச் சொன்னாய்?
ஊர் என் கடைக்குத்தான் வந்து வெளுத்துப் போகிறது.
எந்த வீட்டில் யார் குறைந்தார்கள் என்று
தலையணை உறையை எண்ணிச் சொல்வேன்.”

காகித ஆலை மூடிப் பதினோரு வருடம்.
காற்று சுத்தமாகிவிட்டதே என்று
துக்கம் விசாரித்துக்கொண்ட ஊர்
லாம்பெர் ஃபால்ஸ் ஒன்றாகத்தான் இருக்கும்.
மெய்ன் மாநில வரைபடத்தில் நாங்கள்
மடிப்பு விழும் இடம்.

எனக்கு நூலகத்தில் அரைநாள் வேலை,
மீதி அரைநாள் கத்தரி.
வந்துசேர்ந்த நாற்பத்தொரு மணியில் பத்து
யாரோ நிறுத்த மறந்த சட்டைப்பை இருட்டு:
சாவிக்கொத்து, மூச்சு, பாதியில் விட்ட சீழ்க்கை.
அதிலும் ஊர் இருக்கிறது.
எப்படிக் காட்டுவது?

மானியம் தந்தவர்கள் கேட்டது ஒன்றே:
தலைப்பில் ‘மறுமலர்ச்சி’ வரவேண்டும்.
ரெஜிஸ் பூஷார் லென்ஸைக் கையால் பொத்திக்கொண்டு பேசுகிறார்,
நான்கு நிமிடம், திரை முழுக்கக் கருஞ்சிவப்பு:
“ஆலையில் முப்பது வருடம். அப்போதே நான் மலரவில்லை.
இதில் மறுபடி வேறா?”
அப்படியே வைத்திருக்கிறேன்.
விரலிடுக்கில் வெளிச்சம் கசிவது நன்றாக இருக்கிறது.

மூடிய வங்கியில் சம்பூசா கடை போட்ட ஹோதன் வார்சமே
பெட்டக அறையில் வெங்காயம் அடுக்குகிறாள்.
பின்னால் ஒரு குரல்,
யாருடையது என்று எல்லோருக்கும் தெரியும்:
“இவர்கள் எத்தனை நாள் இருப்பார்களோ.”
திரும்பாமலே ஹோதன்,
“வங்கி எத்தனை நாள் இருந்தது?”

டெல்ஃபினுக்குப் பதின்மூன்று வயது.
நாற்பது நிமிடம் அவள் எடுத்தது
நாற்சந்தி விளக்கை மட்டும்.
வண்டி குறைந்துவிட்டதென்று மாநிலம் அதை
ஆலை மூடிய வருடமே மஞ்சளில் விட்டுவிட்டது.
இரவும் பகலும் சிமிட்டல்,
முடிவெடுக்கத் தெரியாதவன் கண்.

பிறகு, இருபத்தேழாவது மணியில்,
சாலைக்குக் குறுக்கே ஒரு கறுப்பு ரப்பர் குழாய்.
வண்டிகளை எண்ண வந்திருக்கிறார்கள்.
ஒரு வாரம்.

அன்று ராத்திரி யார் யாருக்குச் சொன்னார்கள் என்பது
எந்தக் கேமராவிலும் இல்லை.
விடிந்தபோது ஊரே ஸ்டியரிங் பிடித்திருந்தது.
ஓதிலின் வேன் போகிறது, வருகிறது, போகிறது.
பாதிரியார், பனி இல்லாத செப்டம்பரில், பனி வாரும் வண்டியில்.
ரெஜிஸ் பதினெட்டு முறை பால் வாங்கப் போகிறார்.
ஹோதனின் பக்கத்து இருக்கையில் அந்தக் குரலுக்குரியவர்;
அவர் வண்டியில் பேட்டரி செத்துப்போயிருந்தது.

குழாய் எண்ணியது. மாநிலம் நம்பியது.
வசந்தத்தில் எங்களுக்குச் சிவப்பு வந்தது,
பச்சை வந்தது.

இதை வெட்டுவதா, வைப்பதா?
வெளியே தெரிந்தால் விளக்கைப் பிடுங்கிவிடுவார்கள்.
தீயணைப்பு நிலையத்தில் மடக்கு நாற்காலி போட்டுக்
கைதூக்கச் சொன்னேன்.
‘வெட்டு’ முப்பத்தொன்று. ‘வை’ முப்பது.
ஓதில் எழுந்தாள்.
“பொய்யென்றால் பொய்தான்.
ஆனால் பதினோரு வருடத்தில் அந்த ஒரு வாரம்தான்
எதிரே வருகிறவர் யாரென்று பார்த்துக் கையசைத்தோம்,
நாளைக்கு நாற்பது தடவை.
அதை எடுத்துவிட்டால் மிச்சம்
பெயிண்ட் அடித்த கடைகள்.”

மறுபடி எண்ணவில்லை.
கூட்டம் காபிக்குக் கலைந்தது.
இரண்டு வடிவமும் என் மேசையில்.

நேற்று ஐந்து மணிக்கே இருட்டு, டிசம்பர்.
வீடு திரும்புகையில் சிவப்பு.
முன்னே யாருமில்லை, பின்னே யாருமில்லை, நாய்கூட இல்லை.
நின்றேன்.
எஞ்சின் உறுமலில் கண்ணாடி மெல்ல நடுங்க,
வழிவிட ஆளிருக்கிற ஊரில் நிற்பதுபோல.

டெல்ஃபின் இன்னும் கேமராவைத் திருப்பித் தரவில்லை.
இன்றோடு
ஒரு டாலர் தொண்ணூறு சென்ட்.